எலினாரின் மோதிரம்

அன்புள்ள அக்கா,
'கிரேசி ரிச் ஏசியன்ஸ்', 'தி பிக் சிக்' இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தேன். புலம்பெயர்ந்த ஆசியக் குடும்பங்களின் காதல் படங்களில் அம்மா ஏன் எப்போதும் வில்லி? கடைசியில் அவர் சம்மதிப்பது சினிமாத்தனம்தானே? குடும்ப மரபு, சொந்த விருப்பம், இரண்டில் ஒன்றுதானே ஜெயிக்க முடியும்? என் வீட்டிலும் இதே கதைதான்.
ஆர்.

அன்புள்ள ஆர்.,

சினிமாத்தனம்தான். காதல் நகைச்சுவைப் படம் வேறெப்படி முடியும்? அதை விடுங்கள். 'வில்லி' என்கிறீர்களே, அதை என்னால் தாண்டிப் போக முடியவில்லை. கொஞ்ச நாளாகவே இந்த அம்மாக்கள்தான் என் மனதில் ஓடிக்கொண்டிருக்கிறார்கள்.

'கிரேசி ரிச் ஏசியன்ஸ்' படத்தில் நாயகனின் அம்மா எலினார் போட்டிருக்கும் மரகத மோதிரத்தைக் கவனித்தீர்களா? மாமியாருக்கு அவரைப் பிடிக்கவில்லை. குடும்ப மோதிரத்தைத் தர மறுத்துவிட்டார். அதனால் கணவர் தனியாகச் செய்துபோட்டது அது. கேம்பிரிட்ஜில் சட்டம் படித்தவர், கல்யாணத்துக்காகப் படிப்பை நிறுத்தியவர். அப்படி வந்து அந்த வீட்டில் காலூன்றியவரிடம், மகன் நியூயார்க்கிலிருந்து ஒரு பெண்ணைக் கூட்டிவந்து நிறுத்துகிறான். அவர் பயப்படாமல் என்ன செய்வார்?

'தி பிக் சிக்'கில் அம்மா எங்கே சம்மதித்தார்? மகன் ஊரைவிட்டுக் கிளம்பும்போது காரைவிட்டு இறங்கவில்லை, முகம் கொடுத்துப் பேசவில்லை. ஆனால் வழிக்குப் பிரியாணி செய்து கொண்டுவந்திருந்தார். அதையும் வில்லித்தனம் என்பீர்களா?

ஆலிஸ் வூ 2004-இல் எடுத்த 'சேவிங் ஃபேஸ்' பாருங்கள். நியூயார்க்கின் ஃப்ளஷிங்கில் வாழும் சீனக் குடும்பம். டாக்டர் மகளுக்கு மாப்பிள்ளை தேடிக்கொண்டிருந்த அம்மா, கணவரை இழந்தவர், 48 வயதில் கர்ப்பமாகிறார். யாருடைய குழந்தை என்று வாய் திறக்க மாட்டேன் என்கிறார். அவருடைய அப்பாவே வீட்டைவிட்டு அனுப்பிவிடுகிறார். பெட்டியோடு வந்து நிற்கும் அம்மாவுக்கு இப்போது மகள் வரன் தேடுகிறாள்! மகளோ ஒரு பெண்ணைக் காதலிப்பதைச் சொல்ல முடியாமல் தவிக்கிறாள். ஊருக்கு பயந்து இருவருமே தங்கள் காதலை மறைக்கிறார்கள். இதில் மரபு யார் பக்கம், தனிமனிதர் யார்? அந்த அம்மாவுக்கும் ஒரு மனசு இருந்தது, அவ்வளவுதான்.

உங்கள் வலி எனக்குப் புரிகிறது. மனதுக்குப் பிடித்தவரை அம்மாவுக்காக விட்டுக்கொடுக்கச் சொல்லவில்லை. விடவே விடாதீர்கள். ஆனால் உங்கள் அம்மா கல்யாணத்துக்கு முன் என்ன ஆசைப்பட்டார், யாருக்காக அதை விட்டார் என்று ஒரு நாளாவது கேட்டீர்களா? கேட்காமலே எப்படி அவரை வில்லி என்று எழுத மனசு வந்தது? முதலில் கேளுங்கள். அப்புறம் எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்,
அக்கா