வாசகர் கேள்வி – பதில்: மேடும் பள்ளமுமாய் வேதாரண்யம்

காவிரிக் கடைமடை ஊர்களைப் பற்றிக் கேட்டு எழுதும் வாசகர்களில் பலர், நாகப்பட்டினம் மாவட்டத்தின் தென்கோடியில் உள்ள வேதாரண்யம் வட்டத்தைத் தனியே குறிப்பிடுகிறார்கள். அவர்களுடைய கேள்விகளில் ஐந்துக்கு இம்முறை பதில் எழுதுகிறேன்.

கேள்வி: திருத்துறைப்பூண்டி வரை இருபுறமும் நெல்வயல்களாக இருக்கின்றன. வேதாரண்யத்தை நெருங்கியதும் மணலும் தென்னையும் மாமரமுமாக நிலமே மாறிவிடுகிறது. ஒரே டெல்டாவுக்குள் இவ்வளவு வேறுபாடு எப்படி வந்தது? (தஞ்சாவூர் வாசகி)

நீங்கள் கவனித்தது இந்த வட்டத்தின் அடிப்படையான செய்தி. வடக்கிலிருந்து தெற்காக நீண்டு வரும் சோழமண்டலக் கடற்கரை, கோடியக்கரையில் ஏறத்தாழ செங்குத்தாக மேற்கே திரும்புகிறது. 'கோடி' என்ற சொல்லே அந்த முனையைத்தான் குறிக்கிறது. கடல் நீரோட்டமும் அலையும் கொண்டுவந்த மணல் இந்தத் திருப்பத்தில் பல நூற்றாண்டுகளாகப் படிந்து, ஒன்றன்பின் ஒன்றாக நீண்ட மணல்மேடுகளை உண்டாக்கியிருக்கிறது. ஒவ்வொரு மேடும் ஏதோ ஒரு காலத்தில் கடற்கரையாக இருந்த இடம். மேடுகளுக்கு இடையில் களிமண் தாழ்வுகளும், தெற்கே முத்துப்பேட்டை அலையாத்திக் காடு வரை மேற்காகப் பரந்து கிடக்கும் உவர்ச் சதுப்பு நிலமும் உள்ளன. அரிச்சந்திரா நதி, அடப்பாறு போன்ற காவிரியின் கிளைகள் தம் நீரில் எஞ்சியதை இங்கே கடலில் சேர்க்கின்றன.

ஊர்ப் பெயர்களை வரிசையாகச் சொல்லிப் பாருங்கள், வரைபடமே வேண்டியதில்லை. வாய்மேடு, கள்ளிமேடு என்பவை மேடுகள். வெள்ளப்பள்ளம் தாழ்வு. ஆயக்காரன்புலம், கருப்பம்புலம், குரவப்புலம் ஆகியவற்றில் உள்ள 'புலம்' விளைநிலத்தைச் சொல்கிறது. தோப்புத்துறையும் ஆறுகாட்டுத்துறையும் படகு ஒதுங்கிய இடங்கள். கோடியக்காடு இன்றும் காடாகவே இருக்கிறது.

மணல்மேட்டுக்குள் இன்னொரு வியப்பும் இருக்கிறது. மேட்டில் பெய்யும் மழை மணலுக்குள் இறங்கி, அடியிலுள்ள உவர்நீரைவிட எடை குறைந்ததாக இருப்பதால் அதன்மேல் மெல்லிய அடுக்காக மிதந்து நிற்கிறது. கொஞ்சம் தோண்டினால் குடிக்கத் தக்க தண்ணீர் கிடைக்கும். ஆசைப்பட்டு ஆழமாகத் தோண்டினால் உப்புத் தண்ணீர் மேலேறிவிடும். அதனால்தான் இங்கே கொல்லைக்குள்ளேயே சிறு பள்ளங்கள் வெட்டி, ஊறும் நீரைக் குடத்தில் மொண்டு செடிக்கு ஊற்றும் பழக்கம் வேரூன்றியது. புகையிலை வளர்ந்ததும், தேத்தாகுடி, கருப்பம்புலம், செம்போடைப் பகுதிகளின் முல்லைப்பூச் சாகுபடி தழைத்ததும் இந்த மெல்லிய நன்னீர் அடுக்கை நம்பித்தான். ஆழ்துளைக் கிணறு எங்கும் எளிதாகிவிட்ட இக்காலத்தில், பள்ளத்தில் நின்று குடம் குடமாக நீர் மொண்ட அந்தத் தலைமுறையின் நிதானத்தை நான் பெரிதாக மதிக்கிறேன்.

கேள்வி: வேதாரண்யம் எப்போது தனி வட்டமானது, முன்பு எந்த மாவட்டத்தில் இருந்தது? (திருச்சி வாசகர்)

பழைய தஞ்சாவூர் மாவட்டத்தில், திருத்துறைப்பூண்டி வட்டத்தின் பகுதியாக நெடுங்காலம் இருந்து, பிறகு தனி வட்டமானது. 1991 அக்டோபர் 18 அன்று நாகப்பட்டினம் மாவட்டம் உருவானபோது அதில் சேர்ந்தது. 2020இல் மயிலாடுதுறை பிரிந்த பிறகு, நாகப்பட்டினம், கீழ்வேளூர், திருக்குவளை, வேதாரண்யம் என்னும் நான்கு வட்டங்களே இந்த மாவட்டத்தில் உள்ளன.

கேள்வி: கடற்கரை நெடுக உப்பு விளையும் தமிழ்நாட்டில், 1930இல் சட்டமறுப்புக்கு ராஜாஜி வேதாரண்யத்தை ஏன் தேர்ந்தெடுத்தார்? பாடப்புத்தகத்தில் இதற்கு விடை இல்லை. (மன்னார்குடி பள்ளி ஆசிரியர்)

இரண்டு காரணங்கள் உள்ளன. ஒன்று நிலம், மற்றொன்று மனிதர்.

கோடையில் சதுப்பு வற்றும்போது உப்பு தானாகவே தரையில் பூத்துக் கிடக்கும். குனிந்து கையால் அள்ளினால் போதும். ஆனால் அப்படி அள்ளுவதே அன்றைய சட்டப்படி குற்றம். இயற்கை இலவசமாகத் தந்ததை ஏழை எடுத்தால் சிறை என்ற அநீதியை இதைவிடத் தெளிவாக மக்கள் கண்முன் நிறுத்த வேறு இடம் தேவையில்லை. நடைப்பயணம் ஏப்ரல் இறுதியில் வந்து சேர்ந்ததையும் இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். அது உப்பு நன்றாகப் பூக்கும் பருவம்.

மனிதர் என்று நான் குறிப்பிட்டது வேதரத்தினம் பிள்ளையை. அவ்வூர்க்காரரான அவர் சுற்றுவட்டாரத்தை நன்கு அறிந்தவர். தொண்டர்களுக்குத் தங்குமிடமும் உணவும் ஏற்பாடு செய்யும் ஆற்றல் உள்ளவர். போராட்டக் களம் வேதாரண்யமாக அமைந்ததில் அவருடைய அழைப்புக்குப் பெரும் பங்குண்டு. பின்னாளில் மக்கள் அவரை 'சர்தார்' என்று அழைத்தார்கள்.

1930 ஏப்ரல் 13 அன்று ஏறத்தாழ நூறு தொண்டர்களுடன் திருச்சியிலிருந்து ராஜாஜி புறப்பட்டார். நாமக்கல் கவிஞர் இந்தப் பயணத்துக்காக எழுதிக் கொடுத்த 'கத்தியின்றி ரத்தமின்றி' பாட்டைப் பாடிக்கொண்டு, தஞ்சாவூர், கும்பகோணம், மன்னார்குடி வழியாக ஏறத்தாழ 240 கிலோமீட்டர் நடந்தார்கள். தஞ்சை மாவட்ட ஆட்சியராக இருந்த தார்ன், இவர்களுக்கு உணவோ இடமோ கொடுப்பவர்கள் தண்டிக்கப்படுவார்கள் என்று அறிவித்தார். இந்த இடத்தில்தான் டெல்டாக் கிராம மக்களின் கெட்டிக்காரத்தனத்தை நினைத்து நான் நெகிழ்கிறேன். சோற்றுப் பொட்டலங்களை வழியோர மரக்கிளைகளில் கட்டித் தொங்கவிட்டார்கள். தொண்டர்கள் தங்கும் இடத்துக்கு அருகே உணவைப் புதைத்து வைத்து அடையாளம் சொன்னார்கள். யார் கொடுத்தார்கள் என்று எவராலும் காட்ட முடியவில்லை. தொண்டர்கள் பசியோடு நடக்கவும் இல்லை.

ஏப்ரல் 28 அன்று வேதாரண்யம் வந்து சேர்ந்தவர்கள், 30ஆம் நாள் சட்டத்தை மீறி உப்பு அள்ளினார்கள். ராஜாஜி கைதாகி ஆறு மாதச் சிறைத்தண்டனை பெற்றார். தலைவர் சிறை சென்ற பின்னும் போராட்டம் ஓயவில்லை. வைரப்பன் என்ற முடிதிருத்தும் தொழிலாளி, தாம் சவரம் செய்துகொண்டிருந்தவர் காவல்துறையைச் சேர்ந்தவர் என்று அறிந்ததும் பாதியிலேயே கத்தியை வைத்துவிட்டு, அதற்காகச் சிறை சென்றார். உங்கள் மாணவர்களை அழைத்துச் சென்றால், உப்பு அள்ளிய இடத்தோடு நிறுத்தாமல், வைரப்பனுக்கு அவ்வூரில் எழுப்பியுள்ள நினைவுச் சின்னத்தையும் காட்டுங்கள். அப்படியே, வேதரத்தினம் பிள்ளை பெண் குழந்தைகளின் கல்விக்காக 1946இல் தொடங்கிய கஸ்தூர்பா காந்தி கன்யா குருகுலத்தையும் பார்த்துவிட்டு வரலாம்.

கேள்வி: வேதாரண்யம் 'விளக்கழகு' என்கிறார்களே, அந்தக் கோயிலைப் பற்றிச் சொல்லுங்கள். (காரைக்கால் வாசகி)

திருவாரூர் தேரழகு, வேதாரண்யம் விளக்கழகு என்பது வழக்கு. அணையவிருந்த விளக்கின் திரியைத் தன்னையறியாமல் தூண்டிவிட்ட எலியே மறுபிறவியில் மகாபலிச் சக்கரவர்த்தியாகப் பிறந்தது என்பது இத்தலத்துக் கதை. வேதாரண்யம் என்ற வடசொற் பெயருக்கு முந்திய தமிழ்ப் பெயர் திருமறைக்காடு. வேதங்கள் பூசித்து அடைத்துவைத்த கதவை அப்பர் பாடித் திறக்க, சம்பந்தர் பாடி மீண்டும் அடைத்தார் என்பர். அம்மனின் பெயர் 'யாழைப் பழித்த மொழியாள்'. அவள் குரலினிமைக்குத் தோற்றுத்தான் இங்குள்ள சரசுவதி வீணையின்றி வீற்றிருக்கிறாள். தியாகராசரை வழிபடும் ஏழு விடங்கத் தலங்களில் ஒன்றாகிய இக்கோயிலில் சோழர் காலக் கல்வெட்டுகளும் உள்ளன. திருவிளையாடற் புராணம் பாடிய பரஞ்சோதி முனிவரும் தாயுமானவரும் இவ்வூர் மண்ணைச் சேர்ந்தவர்கள் என்பதை உள்ளூர்க்காரர்கள் பெருமையோடு சொல்வார்கள்.

நிலத்தைப் பற்றிய பேச்சாக இதைத் தொடங்கியதால், கோடியக்கரைக் குழகர் கோயிலைக் குறிப்பிடாமல் விட மனமில்லை. கடற்காற்று ஓயாமல் வீசும் இக்கரையில் பக்கத்தில் குடியொன்றும் இல்லாமல் நீ ஏன் தனித்து இருக்கிறாய் என்று சுந்தரர் இறைவனையே கேட்கிறார். பக்தியாகப் படிக்கலாம், ஆயிரம் ஆண்டுகளுக்கு முந்திய ஒரு கடற்கரையின் தனிமையை நேரில் கண்டவரின் வாக்குமூலமாகவும் படிக்கலாம். அருகிலேயே தோப்புத்துறையில் கடல் வணிகத்தில் ஈடுபட்டிருந்த முஸ்லிம் குடும்பங்கள் தலைமுறைகளாக வாழ்கின்றன. கடல்வழி வந்து போனவர்களின் சுவடு இந்த வட்டத்தில் கோயிலிலும் பள்ளிவாசலிலும் ஒருசேர இருக்கிறது.

கேள்வி: கஜா புயலுக்குப் பிறகும் கோடியக்கரையில் பறவைகளும் மான்களும் இருக்கின்றனவா? எப்போது போனால் பார்க்கலாம்? (சென்னை வாசகர்)

இருக்கின்றன. 1967இல் சரணாலயமாக அறிவிக்கப்பட்டு, 2002இல் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலில் இடம்பெற்ற பகுதி இது. பாலை மரங்கள் அடர்ந்த உலர் பசுமைமாறாக் காட்டையும், அதையொட்டிய புல்வெளியில் மேயும் வெளிமான்களையும், தாமாகத் திரியும் குதிரைகளையும் காணலாம். சீமைக் கருவேலம் புல்வெளிக்குள் ஊடுருவி மான்களின் மேய்ச்சலைக் குறைத்து வருவது உண்மையான கவலை.

ஆனால் புயலைப் பற்றிக் கேட்டுவிட்டு மானோடு நிறுத்திக்கொள்வது நியாயமாகாது. 1952 நவம்பரிலும் இக்கடற்கரையைப் பெரும்புயல் தாக்கியது. 2004 ஆழிப்பேரலை கரையோர மீனவ ஊர்களைச் சிதைத்தது. சோழர் காலத்தது என்று சொல்லப்பட்ட கோடியக்கரைப் பழைய கலங்கரை விளக்கமும் அதில் விழுந்தது. 2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா கரையேறியபோது, மேட்டு நிலத்துத் தென்னையும் மாவும் வேரோடு சாய்ந்தன. தாழ்விலிருந்த உப்பளப் பாத்திகள் சேற்றால் மூடப்பட்டன. பாத்தியைச் சீர்செய்துவிட்டால் அடுத்த கோடையிலேயே உப்பு வாரலாம். தென்னங்கன்று காய்க்கப் பல ஆண்டுகள் காத்திருக்க வேண்டும். அந்த இடைக்காலத்தில் கொல்லையை நம்பியிருந்த குடும்பம் கூலிக்கு வெளியூர் போயிற்று. அதைத்தான் நான் பெரிய இழப்பாகக் கருதுகிறேன்.

பூநாரை, உள்ளான், கூழைக்கடா ஆகியவற்றைக் காண அக்டோபர் முதல் ஜனவரி வரை ஏற்ற காலம். 2023இல் அகலப்பாதையாகத் திறக்கப்பட்ட திருத்துறைப்பூண்டி – அகஸ்தியம்பள்ளி ரயில் பாதையில் 37 கிலோமீட்டர் பயணம் செய்து, உப்பளங்களின் விளிம்பிலேயே இறங்கலாம். முடிந்தால் ஏப்ரலில் இன்னொரு முறை வாருங்கள். அப்போது பறவைகள் பெரும்பாலும் போயிருக்கும். அதே சதுப்பின் பாத்திகளில், கண்கூசும் வெயிலில், ஆண்களும் பெண்களும் உப்பு வாரிக்கொண்டிருப்பார்கள்.