வாட்ஸ்அப்பில் போட்டாயிற்று, பேப்பரிலும் போட வேண்டுமா?

கேள்வி: என் அம்மா 79 வயதில் கரவெட்டியில் காலமானார். செத்தவீட்டு அவசரத்தில் அண்ணா வாட்ஸ்அப்பில் மட்டும் அறிவித்தலை அனுப்பினார், பேப்பரில் போடவில்லை. சித்தப்பாவுக்கு அது பெரிய மனக்குறை. 31ஆம் நாளுக்கு இன்னும் மூன்று கிழமை இருக்கிறது. இனிமேல் பேப்பரில் போட்டுப் பயன் உண்டா, இல்லை அது வீண் செலவா? போடுவதானால் என்ன எழுதுவது? அம்மா நீண்ட காலம் வீட்டில் தையல் வகுப்பு நடத்தியவர். இன்னொன்று, அம்மாவின் அலுமாரியில் அம்மப்பாவின் மரண அறிவித்தலை வெட்டி வைத்த துண்டு கிடைத்தது. அதில் வருடம் இல்லை. அதை என்ன செய்யலாம்?
— ஸ்காபரோவிலிருந்து ஒரு வாசகி

பதில்:

போடுங்கள். மரண அறிவித்தலுக்கான நேரம் போய்விட்டது என்றாலும் 31ஆம் நாள் நினைவஞ்சலியும் நன்றி நவிலலும் சேர்த்துப் போடும் வழக்கம் யாழ்ப்பாணத்தில் நன்றாகவே நிலைத்திருக்கிறது. நீங்கள் தவறவிட்டதில் பெரும்பகுதியை அதில் ஈடுசெய்யலாம்.

செலவு வீணா என்ற கேள்விக்கு உங்கள் கடிதத்திலேயே பதில் இருக்கிறது. அண்ணாவின் வாட்ஸ்அப் செய்தி யாருக்குப் போயிருக்கும்? அண்ணாவின் போனில் இலக்கம் இருப்பவர்களுக்கு. அம்மாவிடம் தையல் படித்த பெண்களின் இலக்கம் அண்ணாவிடம் இருக்க வாய்ப்பில்லை. அவர்களில் ஒருத்தி இன்று நெல்லியடியில் கடை வைத்திருக்கலாம், ஒருத்தி வவுனியாவில் பேரப்பிள்ளை பார்த்துக்கொண்டிருக்கலாம். அம்மாவுடன் படித்தவர்கள், கோயிலில் மாலை கட்டியவர்கள், மருந்து எடுக்கும் வரிசையில் பழகியவர்கள் என்று அம்மாவுக்கென்று ஓர் உலகம் இருந்திருக்கும். பிள்ளைகளுக்கு அதில் பாதி கூடத் தெரிந்திருக்காது. எங்கள் ஊர்ப் பேப்பரின் மரண அறிவித்தல் பக்கம் அந்த உலகத்துக்குத்தான் செய்தி சொல்கிறது. குடும்பத்துக்குச் செய்தி சொல்ல அது தேவையில்லை. குடும்பத்துக்கு எப்படியும் தெரிந்துவிடும்.

யாழ்ப்பாணத்தில் காலையில் பேப்பரைக் கையில் எடுக்கும் வயதானவர்கள் பலர் முதலில் பிரிப்பது அந்தப் பக்கத்தைத்தான். இளசுகளுக்கு இது வேடிக்கையாகத் தெரியும். ஆனால் அந்த வயதானவர்கள் அதில் தேடுவது வேறு விஷயங்கள். செத்தவீட்டுக்குப் போக வேண்டுமா, எத்தனை மணிக்குத் தகனம், எந்த மயானம், பங்காளி வழியில் தங்களுக்கும் துடக்கு (தீட்டு) வருகிறதா, அடுத்த கிழமை கோயிலில் வைத்திருக்கும் பூசையைச் செய்யலாமா, மகளின் கல்யாணப் பேச்சைத் தள்ளி வைக்க வேண்டுமா? ஒரு அறிவித்தலைப் படித்து முடிப்பதற்குள் இத்தனையும் முடிவாகிவிடும். கொழும்பில் இருந்தவர்களுக்கு முன்பு இந்த வேலையை இலங்கை வானொலியின் மரண அறிவித்தலும் சேர்த்துச் செய்தது. சமையலறையில் கரண்டியை நிறுத்திவிட்டுக் காது கொடுத்துக் கேட்ட தலைமுறை இன்னும் இருக்கிறது.

சித்தப்பாவின் மனக்குறையையும் இங்கே புரிந்துகொள்ள வேண்டும். நல்ல காரியத்துக்குச் சொன்னால்தான் போவது, துக்கத்துக்குச் சொல்லாமலே போவது என்பது எங்கள் முறை. ஆனால் சொல்லாமலே போக வேண்டியவருக்கும் எப்படியாவது தெரிந்தாக வேண்டுமே. அறிவித்தலின் கடைசியில் வரும் 'உற்றார், உறவினர், நண்பர்கள் அனைவரும் ஏற்றுக்கொள்ளவும்' என்ற வரி அதற்குத்தான். அது அச்சில் வந்துவிட்டால் எல்லாருக்கும் நேரில் சொன்னதாகக் கணக்கு. வராதபோது, கனடாவில் இருக்கும் உங்களிடம் யாரும் கேட்கப்போவதில்லை. சந்தையில், சந்தியில், கோயில் வாசலில் 'எங்களுக்கு ஒரு சொல் சொல்லவில்லையே' என்ற கேள்வி சித்தப்பாவிடம்தான் வரும். அவர் கோபிப்பதில் நியாயம் இருக்கிறது.

அடுத்தது ஆவணம் என்ற பக்கம். எனக்கு இதுதான் முக்கியம். நான் பழைய பத்திரிகைகளைப் புரட்டிப் பட்டியல் போடுகிறவன். அமைச்சர்களையும் அதிபர்களையும் பற்றி எழுத ஆயிரம் இடம் உண்டு. ஆனால் கரவெட்டியில் தையல் சொல்லிக்கொடுத்த ஒரு பெண், சங்கக்கடையில் (கூட்டுறவுக் கடையில்) நிறுத்துக்கொடுத்த ஒருவர், ஊருக்குப் பரியாரியாராக (நாட்டு வைத்தியராக) இருந்த ஒருவர் ஆகியோரின் பெயர் வாழ்நாளில் ஒரே ஒருமுறை அச்சில் வருகிறதென்றால் அது பெரும்பாலும் இந்தப் பக்கத்தில்தான். எங்கள் ஊர்களில் மற்ற ஆவணங்கள் எப்படிப் போயின என்று உங்களுக்குத் தெரியும். 1981இல் யாழ். பொதுசன நூலகம் எரிந்த அதே நாட்களில் ஈழநாடு பத்திரிகையின் அலுவலகமும் எரிந்தது. போரால் நேர்ந்த 1995 ஒக்டோபர் இடப்பெயர்வில் வலிகாமத்துச் சனம் கையில் பிடித்ததை மட்டும் கொண்டு நடந்தது. எத்தனையோ குடும்பங்களில் காணி உறுதி, சாதகக் கட்டு, கல்யாணப் படம் எதுவும் மிஞ்சவில்லை. அப்படிப்பட்ட வீட்டுக்கு ஒரு பழைய மரண அறிவித்தல் கிடைத்தால் தாய் தகப்பன், சகோதரங்கள், யார் யார் எந்த ஊரில் சம்பந்தம் செய்தார்கள் என்பதெல்லாம் ஒரே பத்தியில் திரும்பக் கிடைக்கிறது.

அந்தப் பக்கங்களைப் பத்துப் பத்து வருடமாக அடுக்கிப் பார்த்தால் ஊரின் வரலாறே தெரியும். பழையவற்றில் 'மலாயன் பென்சனியர்' என்ற அடைமொழி அடிக்கடி வரும். மலாயாவில் ரயில்வேயிலும் கந்தோர்களிலும் வேலை செய்துவிட்டு ஊர் திரும்பியவர்கள் அவர்கள். பிறகு கொழும்பு, வெள்ளவத்தை. அதன் பிறகு 'பிறப்பிடமாகவும்' என்பதற்கும் 'வதிவிடமாகவும்' என்பதற்கும் நடுவே ஊர்கள் கூடிக்கொண்டே போகும். புங்குடுதீவில் பிறந்து, கிளிநொச்சியில் காணி வெட்டி, வவுனியாவில் இருந்து, ரொறன்ரோவில் கண் மூடியவரின் முழுப் பயணமும் ஒரே வாக்கியத்தில் இருக்கும். பிள்ளைகளின் பெயருக்குப் பக்கத்தில் லண்டன், சுவிஸ், பிரான்ஸ், ஜேர்மனி என்று வரும்.

அறிவித்தல் வராமல் போனதற்கும் ஒரு கனம் உண்டு. 2009இல் இறுதிப் போரில் முள்ளிவாய்க்காலில் இறந்த பலருக்குச் செத்தவீடும் இல்லை, அறிவித்தலும் இல்லை. காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் 2017 பெப்ரவரியிலிருந்து கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் தொடர் போராட்டத்தில் இறங்கினார்கள். அவர்களில் பலர் மரணச் சான்றிதழை வாங்க மறுத்தவர்கள். பிள்ளையின் படத்தை நினைவஞ்சலியாகப் போடுவதும் அவர்களுக்கு அதே மாதிரிதான், பிள்ளை இல்லை என்று தாங்களே எழுதிக்கொடுப்பது.

சரி, உங்கள் அம்மாவுக்கு வருவோம். என்ன எழுதுவது?

வழக்கமான வடிவத்தை மாற்ற முயல வேண்டாம். பிறப்பிடம், வதிவிடம், யாருடைய மகள், யாருடைய மனைவி, பிள்ளைகள், மருமக்கள், பேரப்பிள்ளைகள், சகோதரங்கள், மைத்துனர்கள், சம்பந்திகள் என்று போகும் அந்த ஒழுங்கு அலுப்பாகத் தெரியலாம். ஆனால் படிப்பவர் 'ஓ, இன்னாருடைய தங்கச்சியா' என்று பிடித்துக்கொள்வது அதை வைத்துத்தான். ஊர்ப் பெயரோடு நிற்காமல் குறிச்சியையும் (ஊரின் உட்பகுதி) போடுங்கள். தீவகத்தார் வட்டார இலக்கத்தோடு போடுவார்கள், நல்ல பழக்கம். அடையாள அட்டையில் உள்ள பெயரோடு ஊர் கூப்பிட்ட பெயரையும் அடைப்புக்குறிக்குள் சேர்க்க வேண்டும். முழுப் பெயரை மட்டும் போட்டால் பக்கத்து ஒழுங்கையில் இருப்பவருக்கே ஆள் பிடிபடாமல் போகும்.

எங்கள் அறிவித்தல்களில் எனக்குள்ள பெரிய குறை பெண்களைப் பற்றியது. ஆண் என்றால் 'இளைப்பாறிய தபால் அதிபர்', 'முன்னாள் முகாமையாளர்' என்று முதல் வரியிலேயே வந்துவிடும். பெண் அரச உத்தியோகத்தில் இருந்திருந்தால் அவருக்கும் வரும். வீட்டிலிருந்து வேலை செய்த பெண் என்றால் மகள், மனைவி, தாய், மாமி, பாட்டி என்ற உறவுமுறைகளோடு ஆள் முடிந்துவிடுவார். உங்கள் அம்மா தையல் வகுப்பு நடத்தியதை எழுதாமல் விடாதீர்கள். எந்த ஆண்டிலிருந்து எந்த ஆண்டுவரை, எந்த இடத்தில் என்று ஒரே வரி போதும். 'பாசத்தின் சிகரமே' வகைக் கவிதைக்கு நான்கு வரி இடம் கொடுக்கிறவர்கள் இதற்கு ஒரு வரி ஒதுக்கலாம். கவிதை வேண்டாம் என்று சொல்லவில்லை, அது குடும்பத்தின் விருப்பம். ஆனால் இடம் குறைக்க வேண்டி வந்தால் முதலில் அதில் கை வையுங்கள்.

பெயர் ஒழுங்கில் கவனம். விளம்பரக் கந்தோர்க் கவுண்டரில் இருந்த காலத்தில் நான் பார்த்த சண்டைகள் பெரும்பாலும் காசால் வந்தவையல்ல, விடுபட்ட பெயரால் வந்தவை. பேச்சுவார்த்தை இல்லாத மகன், ஊர் ஏற்காத கல்யாணம் செய்த மகள், முதல் தாரத்துப் பிள்ளைகள். வேண்டுமென்றே விட்டால் அதை ஊர் முழுக்க வாசிக்கும், பல வருடம் நினைவிலும் வைத்திருக்கும். கோபத்தை அச்சில் ஏற்றாதீர்கள். இறந்தவரின் பிள்ளைகள் எல்லாரும் வர வேண்டும், காலமான பிள்ளைகளும் 'காலஞ்சென்ற' என்று வர வேண்டும். எழுதியதைக் குடும்பத்தில் இரண்டு பேர், முடிந்தால் தந்தை வழியில் ஒருவரும் தாய் வழியில் ஒருவரும், பார்த்த பிறகு கொடுங்கள். சித்தப்பாவிடம் ஒருமுறை வாசித்துக் காட்டினால் அவருடைய மனக்குறையும் அதோடு பாதி தீரும்.

31ஆம் நாள் அறிவித்தலில் இன்னும் சில சேரும். அந்தியேட்டிக் கிரியை எங்கே, எப்போது, வீட்டுக்கிருத்தியமும் மதியபோசனமும் எந்த வீட்டில், எத்தனை மணிக்கு என்பவை. பிறகு நன்றி. இங்கே 'பல வழிகளிலும் உதவிய அனைவருக்கும்' என்று பொதுவாக முடிக்காமல், மருத்துவமனைக்குக் கூட்டிப்போன அயலவர், பந்தல் போட்ட இளைஞர்கள் என்று தரம் பிரித்துச் சொன்னால் அவர்களுக்கு மனம் நிறையும். கோயிலில் அறிவித்தவர்களையும் சேர்க்கலாம்.

திகதியை முழுதாக, ஆண்டோடு போடுங்கள். 'கடந்த 13ஆம் திகதி செவ்வாய்க்கிழமை' என்று எழுதினால் அன்று படிப்பவருக்குப் போதும். பேரப்பிள்ளைக்குப் போதாது, உங்கள் அம்மப்பாவின் துண்டே சாட்சி. ஆனால் பிறந்த திகதியை நாள், மாதத்தோடு போட வேண்டாம், ஆண்டு மட்டும் போதும். வெளிநாட்டு வங்கிகள் பிறந்த திகதியையும் தாயின் கன்னிப் பெயரையும் கேட்டு ஆளை உறுதிசெய்வதுண்டு. அந்த விவரம் முழுவதையும் படத்தோடு இணையத்தில் தூக்கிக் கொடுப்பது நல்லதல்ல. வீட்டு இலக்கமும் அப்படித்தான். எல்லாரும் கிரியைக்குப் போய் வீடு பூட்டியிருக்கும் நேரம் எதுவென்று நாமே அறிவிப்பதாகிவிடும். வீட்டில் யாராவது ஒருவர் நிற்க ஏற்பாடு செய்யுங்கள்.

ஒன்றைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். பேப்பர் அறிவித்தல் சட்டப்படி எதையும் நிரூபிக்காது. வங்கிக்கும் ஓய்வூதியத்துக்கும் காணிக்கும் மரணச் சான்றிதழ்தான் வேண்டும். சொத்து நிர்வாக வழக்கில் நீதிமன்றம் ஊடாகப் பத்திரிகையில் வரும் அறிவித்தல் முற்றிலும் வேறு, அதைச் சட்டத்தரணி பார்த்துக்கொள்வார்.

எந்தப் பேப்பர்? அம்மாவின் ஆட்கள் ஊரில் என்றால் யாழ்ப்பாணத்தில் வெளிவரும் ஒன்று. 1985இலிருந்து வரும் உதயன் போன்றவை. கொழும்பிலும் நிறையப் பேர் என்றால் வீரகேசரியோ தினக்குரலோ. எல்லாவற்றிலும் பெரிதாகப் போடுவதைவிட ஒன்றில் சின்னதாகத் தெளிவாகப் போடுவது மேல். கட்டணம் அளவையும் வண்ணத்தையும் பொறுத்தது. விளம்பரப் பகுதிக்குப் போன் எடுத்து, என்றைக்கு எத்தனை மணிக்குள் கொடுக்க வேண்டும், அச்சுக்கு முன் பார்க்கத் தருவார்களா என்று கேளுங்கள். நீளமான வாழ்க்கைக் குறிப்பை இணைய அறிவித்தலில் போடலாம். அந்தத் தளம் இருக்கும்வரை இருக்கும்.

அம்மப்பாவின் துண்டுக்கு வருடம் கண்டுபிடிப்பது சுவாரசியமான வேலை. மாதமும் திகதியும் கிழமையும் இருக்கின்றனவா பாருங்கள். உதாரணமாக மார்ச் 13 செவ்வாய்க்கிழமை என்று இருந்தால், 1970க்கும் 2000க்கும் இடையில் அது பொருந்துவது 1973, 1979, 1984, 1990 ஆகிய நான்கு ஆண்டுகளுக்கு மட்டும். அப்புறம் பேரப்பிள்ளைகளின் பட்டியலைப் பாருங்கள். கடைசியாக யார் பெயர் இருக்கிறது, அடுத்துப் பிறந்த யார் பெயர் இல்லை? இறப்பு அந்த இரண்டு பிறப்புகளுக்கும் இடையில் நடந்திருக்கும். யார் யாருக்குக் 'காலஞ்சென்ற' போட்டிருக்கிறது, யாருக்குப் போடவில்லை என்பதும் உதவும். துண்டின் மறுபக்கத்தையும் மறக்க வேண்டாம். ஒரு சினிமா விளம்பரமோ தேர்தல் செய்தியின் பாதியோ ஆண்டைச் சொல்லிவிடும். ஆண்டு ஓரளவு பிடிபட்டால் கொழும்பு 7இல் உள்ள தேசிய சுவடிகள் திணைக்களத்தில் பழைய பத்திரிகைத் தொகுதிகளில் முழுப் பக்கத்தையும் தேடலாம்.

துண்டை லாமினேற் செய்யாதீர்கள், செலோரேப் ஒட்டாதீர்கள். பத்திரிகைத் தாளில் அமிலம் உண்டு, அது தானாகவே மஞ்சளாகி நொறுங்கும். பிளாஸ்ரிக்கில் அடைத்து ஒட்டிவிட்டால் பிறகு பிரிக்கவும் முடியாது. இரு பக்கத்தையும் 300 டிபிஐயில் ஸ்கேன் எடுத்துவிட்டு, அமிலமற்ற தாளில் மடிக்காமல் வைத்து, வெளிச்சம் படாத இடத்தில் வையுங்கள். அம்மாவின் அறிவித்தல் வரும் பேப்பரில் வெட்டாத முழுப் பிரதிகள் இரண்டை வாங்கி வைக்கச் சொல்லுங்கள், பத்திரிகைப் பெயரும் திகதியும் தெரிய வேண்டும்.

31ஆம் நாளுக்குக் கல்வெட்டு (நினைவு மலர்) அடிப்பீர்கள் என்று நினைக்கிறேன். தேவாரம், தோத்திரம் ஒரு பக்கம் இருக்கட்டும். வம்சாவளியும் தையல் வகுப்புக் கதையும் அதில் விரிவாக வரட்டும், அம்மப்பாவின் துண்டின் படத்தையும் சேருங்கள். அச்சடித்ததில் ஒரு பிரதியை நூலக நிறுவனத்துக்கு அனுப்பிவிடுங்கள். 2005இலிருந்து ஈழத்து நூல்களையும் பத்திரிகைகளையும் இணையத்தில் சேர்த்துவரும் அவர்கள் நினைவு மலர்களையும் எடுத்துக்கொள்கிறார்கள். அச்சகத்திடம் பீடிஎப் கோப்பையும் கேட்டு வாங்குங்கள். வேலை முடிந்த கையோடு கேட்டால்தான் கிடைக்கும், ஆறு மாதம் கழித்துக் கேட்டால் கணினியில் அழித்துவிட்டோம் என்பார்கள்.