அன்று ஒரு நாள் மட்டுமா?

கேள்வி: திருமணமாகி மூன்று ஆண்டுகள் உறவின்போது தாங்க முடியாத வலியால் தவித்தேன். வஜைனிஸ்மஸ் (பிறப்புறுப்புத் தசைகள் தானாகவே இறுகிக்கொள்ளும் சிக்கல்) என்று கண்டறிந்து சிகிச்சை தந்தார்கள், குணமானேன். இப்போது தாம்பத்திய உறவு பற்றிய கல்வி ஆவணப்படத்தில் முகம் காட்டிப் பேச அழைக்கிறார்கள். கணவருக்குச் சம்மதம். உறவினர்களை நினைத்தால்தான் பயம். 13 வயது மகளைப் படம் வெளியாகும் அன்று அம்மா வீட்டுக்கு அனுப்பிவிடுவேன். ஒப்புக்கொள்ளலாமா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: உறவினர்களை விடுங்கள். நாலு நாள் பேசிவிட்டு வேறு கதைக்குப் போய்விடுவார்கள். மகளை அனுப்பிவிடுவேன் என்று போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்களே, அந்த வரிதான் என்னைத் தைத்தது.

அன்று அனுப்பிவிடுவீர்கள். மறுநாள்? இணையத்தில் ஏறிய படத்துக்கு வெளியாகும் நாள் உண்டு, மறையும் நாள் கிடையாது. யாரோ இரண்டு நிமிடத் துண்டை வெட்டி, கேவலமான தலைப்பு வைத்து உலவவிடுவார்கள். அது வகுப்புத் தோழியின் கைபேசி வழியாக அவளிடம் வரும். அம்மா பட்ட வலியை அவள் அப்படியா தெரிந்துகொள்ள வேண்டும்? ஊரார் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லப் போகிறவர், பெற்ற பிள்ளையை மட்டும் வெளியே அனுப்பிக் கதவைச் சாத்துவதா? எனக்குக் கோபம்தான் வருகிறது.

நீங்கள் பேசுவது தவறே இல்லை. இந்த வலியை "மனைவிக்கு விருப்பமில்லை" என்று நினைத்துப் பிரிந்துபோன தம்பதிகளின் கடிதங்கள் எனக்கு நிறைய வந்திருக்கின்றன. ஆனால் முகம் எதற்கு? 1948-லும் 1953-லும் வெளிவந்த ஆய்வுகளுக்காக அமெரிக்கப் பாலியல் ஆய்வாளர் கின்சி ஆயிரக்கணக்கானோரின் அந்தரங்கத்தைக் கேட்டு, அதை ரகசியக் குறியீட்டில்தான் பதிந்துவைத்தார். பெயர் தெரியாமலே உலகம் கற்றுக்கொண்டது. இந்தக் கடிதத்துக்கே பெயர் தர மனம் வராத நீங்கள் இதையும் யோசியுங்கள்.

ஒப்புதல் படிவத்தை வரி வரியாகப் படியுங்கள். 'எல்லா ஊடகங்களிலும், உலகம் முழுவதும், காலவரையின்றி' என்பது போன்ற வாசகம் பெரும்பாலும் இருக்கும். எடிட்டிங் முடியும்வரை விலகும் உரிமையையும், உங்கள் காட்சியை வேறு படத்துக்குத் தரமாட்டோம் என்ற உறுதியையும் எழுத்தில் கேளுங்கள். தர மறுத்தால் எழுந்து வந்துவிடுங்கள்.

அதற்கும் முன்னால் மகளை உட்காரவைத்துப் பேசுங்கள். "கல்யாணமான புதிதில் என் உடம்பில் ஒரு சிக்கல் இருந்தது, சிகிச்சையில் சரியானது, மற்றவர்களுக்கு உதவட்டும் என்று அதைச் சொல்லப் போகிறேன்." 13 வயதுக்கு இது புரியும். வேண்டாம் என்று அவள் அழுதால், குரலை மட்டும் கொடுங்கள். அவள் வளர்ந்து சம்மதிக்கும்வரை முகம் காத்திருக்கட்டும், பெற்றவளுக்கு அது கடமை. அவளிடம் பேசாமல் கையெழுத்துப் போடாதீர்கள்.