45 லட்சம் கேட்டேன், 6 லட்சம் தந்தார்கள். அப்பீல் போகலாமா?

காரைதீவிலிருந்து ஒரு மேசன் தொழிலாளி எழுதியிருக்கிறார். நிந்தவூர்ப் பக்கம் வீதியில் வலப்பக்கம் திரும்பும்போது, பின்னால் வந்த டிப்பர் இவருடைய மோட்டார் சைக்கிளை அடித்துத் துடை எலும்பு முறிந்தது. உள்ளே கம்பி வைத்திருக்கிறார்கள், 18 மாதம் வேலை இல்லை, இனி ஏணியில் ஏறவும் முடியாது. கல்முனை மாவட்ட நீதிமன்றத்தில் 45 லட்சம் கேட்டார். நட்டம் 9 லட்சம் என்று கணித்த நீதிபதி, பிழையில் மூன்றில் ஒரு பங்கு இவருடையது என்று 3 லட்சத்தைக் கழித்துவிட்டார். தீர்ப்பு வந்து ஆறு நாள். காப்புறுதிக் கம்பனிக்காரர் போன் எடுத்து, "அப்பீல் போனா வருஷக்கணக்கா இழுபடும், கையெழுத்தப் போட்டுட்டுக் காச எடுங்க" என்கிறாராம்.

தம்பி, அந்தக் கையெழுத்தை மட்டும் இப்போதைக்குப் போடாதீர்கள். அவர் நீட்டும் பத்திரத்தில் "முழுவதும் இறுதியுமான தீர்வாகப் பெற்றுக்கொண்டேன்" என்றொரு வரி கட்டாயம் இருக்கும், அதில் ஒப்பம் வைத்தபிறகு நான் என்ன எழுதியும் பயனில்லை.

அடுத்தது நாள் கணக்கு. குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 754ஆம் பிரிவுப்படி மேன்முறையீட்டு அறிவித்தலை, அதாவது அப்பீல் போகிறேன் என்று தெரிவிக்கும் பத்திரத்தை, 14 நாளுக்குள் அதே மாவட்ட நீதிமன்றத்தில் கொடுக்க வேண்டும். தீர்ப்புச் சொன்ன நாளும் ஞாயிறும் பொது விடுமுறையும் இதில் சேராது, போயா நாளும் அப்படித்தான், ஆனால் சனிக்கிழமை சேரும், அதில்தான் பலர் தவறிவிடுகிறார்கள். அப்பீலுக்கான காரணங்களை எழுதிக் கொடுக்கும் மேன்முறையீட்டு மனுவுக்கு 60 நாள். இது தீர்ப்பு நாளிலிருந்தே ஓடுகிறது, இதில் ஞாயிறும் கழியாது. அறிவித்தலோடு எதிர்த்தரப்பின் செலவுக்கான பிணையும், அவர்களுக்குப் பிரதி போன அத்தாட்சியும் வேண்டும். சின்னப் பிழைகளை நீதிமன்றம் மன்னிக்கலாம், திகதி பிந்தினால் மன்னிக்காது.

இன்னொன்று, இதைச் சொல்லாமல் விட முடியாது. பழைய சட்டத்தரணியில் உங்களுக்குக் கோபம் என்று எழுதியிருக்கிறீர்கள். சரி, மாற்றுங்கள். ஆனால் அவருடைய புரொக்சி, அதாவது உங்களுக்காக வழக்கை நடத்த நீங்கள் ஒப்பமிட்டுக் கொடுத்த அதிகாரப் பத்திரம், வழக்குக் கோவையில் இருக்கும்வரை வேறொருவர் ஒப்பமிட்ட அறிவித்தல் செல்லாது என்று எதிர்த்தரப்பு முதல் நாளே எழும்பும். நீதிமன்ற அனுமதியோடு பழையதை ரத்துச் செய்து, புதியதைப் போட்டு, பிறகு அறிவித்தல். மிச்சமிருக்கும் நாளைப் பார்த்தால், அறிவித்தலைப் பழையவரையே கொடுக்கச் சொல்லிவிட்டு அப்புறம் கோபப்படுவதுதான் புத்தி.

இனி, வெல்லுமா? குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம் வழக்கைப் புதிதாக விசாரிக்காது, கீழ் நீதிமன்றக் கோவையை வைத்துத்தான் பார்க்கும். தொகை கொஞ்சம் குறைவு என்பதற்காக மட்டும் கை வைக்கமாட்டார்கள். சட்டத்தில் பிழை, அல்லது கண்ணில் குத்துகிற அளவுக்குக் குறைவு என்று காட்ட வேண்டும்.

உங்களுக்கு அப்படி இரண்டு இடம் இருக்கிறது. ஒன்று, அந்த மூன்றில் ஒரு பங்கு. 1968ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் பிழையின் அளவுக்கு நட்டஈட்டைக் குறைக்க விடுகிறது, உண்மைதான், ஆனால் நீங்கள் செய்த பிழை என்ன என்று தீர்ப்பில் காரணம் இருக்க வேண்டும். சிக்னல் போட்டுத் திரும்பினீர்கள், டிப்பர் முந்தப் பார்த்தது, பொலிஸ் வரைபடமும் அதைத்தான் காட்டுகிறது என்கிறீர்கள். அப்படியென்றால் புதுச் சாட்சி எதுவும் இல்லாமலே 3 லட்சம் திரும்பி வரக்கூடிய இடம் இது.

மற்றது வருமானம். நாளுக்கு 3,500 ரூபாய், மாதம் 22 நாள், 18 மாதம் என்றால் 13 லட்சத்து 86 ஆயிரம். சம்பளப் பற்றுச்சீட்டு இல்லை என்று நீதிபதி 2 லட்சம்தான் போட்டிருக்கிறார். எந்த மேசனுக்கு ஐயா பற்றுச்சீட்டுக் கொடுக்கிறார்கள்? நீங்கள் கூண்டில் ஏறிச் சொன்ன கூலியை எதிர்த்தரப்பு குறுக்கு விசாரணையில் மறுக்கவில்லை என்றால் அது பலமான வாதம். வேலை தந்த கொந்தராத்துக்காரரைச் சாட்சிக்குக் கூப்பிடாமல் விட்டதைத்தான் இப்போது சரிக்கட்டுவது கஷ்டம், அன்றே கூப்பிட்டிருக்கக் கூடிய சாட்சியை மேல் நீதிமன்றம் லேசில் ஏற்காது.

அபாயமும் உண்டு. நீங்கள் அப்பீல் போனால், தாங்களாக அப்பீல் போகாத பிரதிவாதிகளும் 772ஆம் பிரிவின்கீழ் ஏழு நாள் எழுத்து அறிவித்தல் தந்துவிட்டு உங்கள் 6 லட்சத்தையே கேள்வி கேட்கலாம். என் கணிப்பில் உங்கள் கோவையில் அந்தப் பயம் பெரிதில்லை. பொலிஸ் வரைபடம் நீங்கள் சொல்கிறபடி இல்லையென்றால் என் பதில் மாறும்.

நாளைக்கே பதிவகத்தில் தீர்ப்பினதும் சாட்சியப் பதிவுகளினதும் அத்தாட்சிப்படுத்திய பிரதிகளுக்கு விண்ணப்பியுங்கள். காசு முட்டுப்பாடு என்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் கல்முனை நிலையத்துக்கு அடையாள அட்டையோடு போங்கள், வருமானம் குறைந்தவர்களுக்கு அங்கே செலவில்லாமல் செய்து தருவார்கள். கம்பனிக்காரர் திரும்பப் போன் எடுத்தால், என்ன சொல்வதானாலும் எழுத்தில் அனுப்பச் சொல்லிவிட்டு வையுங்கள்.