சேர்ந்து வாங்கிய கடனை ஒருவரிடமே முழுதாக வசூலிக்க முடியுமா?

இந்தியாவில் முடியும். டிக்ரியில் (கோர்ட் தரும் தீர்ப்பாணையில்) ‘கூட்டாகவும் தனித்தனியாகவும்’ என்று இருந்தால், ஒவ்வொருவரும் முழுத் தொகைக்கும் பொறுப்பு. யார் பெயரில் நிலமோ பேங்க் கணக்கோ இருக்கிறதோ, அவர்மீதே நிறைவேற்று மனு (டிக்ரிப்படி பணத்தை வசூலித்துத் தரக் கோரும் மனு) போடலாம். ஆனால் மொத்தக் கடனை ஒருமுறைதான் வசூலிக்கலாம்.

ஒருவர் ஓடிப்போனால் அந்த நஷ்டம் பணம் கொடுத்தவர் தலையில் விழக்கூடாது என்பதே காரணம். ஹோட்டலில் நாலு பேர் சாப்பிட்டு மூன்று பேர் நழுவினால், கல்லாவில் நிற்பவர்தானே முழு பில்லும் கட்ட வேண்டும்? அப்புறம் மற்றவர்களிடம் அவரவர் பங்கைக் கேட்டு வாங்க, 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 43-ஆம் பிரிவு அவருக்கு உரிமை தருகிறது. அதனால் கட்டிய ரசீதைத் தொலைத்துவிடாதீர்கள்.

‘நான் வெறும் ஜாமீன் கையெழுத்துதான், கடன் வாங்கியவரை முதலில் பிடியுங்கள்’ என்று பலர் நம்பியிருக்கிறார்கள்; ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தால் ஒழிய, அதே சட்டத்தின் 128-ஆம் பிரிவுப்படி ஜாமீன்தாரருக்கும் அதே அளவு பொறுப்பு உண்டு.