நியமன ஆணை ஊரில் இருக்கிறது, அம்மாவும் அங்கேதான் இருக்கிறார்

கேள்வி: 2009-ல் 10(அ)(1) விதிப்படி தற்காலிக இளநிலை உதவியாளராகச் சேர்ந்தேன். 2014-ல்தான் பணிவரன்முறை செய்தார்கள், அதாவது தற்காலிகப் பணியை முறையான பணியாக்கினார்கள். என்னோடு சேர்ந்த ஒருவருக்கு முதல் நாளிலிருந்து கணக்கிட்டு 2019-லேயே தேர்வுநிலை (ஒரே பதவியில் குறிப்பிட்ட ஆண்டுகள் இருந்தால் கிடைக்கும் ஊதிய உயர்வு) கொடுத்துவிட்டார்கள். எனக்கு 2024-ல்தான் கிடைத்தது. அந்த ஐந்து வருடம் கணக்கில் சேராதா? கண்காணிப்பாளர் முதல் நியமன ஆணையைக் கேட்கிறார். அது ஊரில் அண்ணன் வீட்டில், அம்மாவின் டிரங்குப் பெட்டியில் இருக்கிறது. பாகப் பிரச்சினையால் நான்கு வருடமாக அங்கே போவதில்லை. தற்காலிகமாக இருந்தபோது மூன்று மாதத்துக்கு ஒருமுறைதான் சம்பளம் வரும், அண்ணன்தான் சமாளித்தார். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் நகல் வாங்க முடியுமா?
- அரசு ஊழியர், விழுப்புரம் மாவட்டம்

பதில்: முடியும். மனுவில் பத்து ரூபாய்க்கு கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, உங்கள் துறையின் பொதுத் தகவல் அலுவலருக்கு அனுப்பினால் 30 நாளில் பதில் தர வேண்டும். ஆனால் தம்பி, பெற்ற தாய் இருக்கும் வீட்டுக்குப் போகாமல் தப்பிக்க இந்தச் சட்டத்தைத் தேடுகிறீர்களே, அதை என்னால் ஏற்க முடியவில்லை.

உங்கள் கடிதத்தில் தேர்வுநிலைக்கு அத்தனை வரிகள். அண்ணனுக்கு அரை வரி. பணியிட நீட்டிப்பு ஆணை வராமல் மாதக்கணக்கில் சம்பளம் நின்றுபோவது தற்காலிக ஊழியர்கள் எல்லாருக்கும் தெரிந்த கதை. அந்த மாதங்களில் உங்கள் பஸ் செலவு யார் பணம்? பிள்ளைக்குப் பால் வாங்கியது யார் பணம்? அந்த ஐந்து வருடம் அரசின் கணக்கில் ஏறவில்லை என்று உங்களுக்கு மனம் கொதிக்கிறது. நியாயம்தான். அதே ஐந்து வருடம் அண்ணன் உங்களைத் தாங்கியது உங்கள் கணக்கில் எங்கே ஏறியிருக்கிறது? பாகத்தில் அவர் தப்பே செய்திருக்கட்டும். அதைச் சொத்து வழக்கில் பேசிக்கொள்ளலாம். அம்மா அந்த வழக்கில் எதிராளியா? நான்கு வருடம், ஒருமுறைகூடப் போகவில்லை! அந்தக் காகிதத்தை இத்தனை வருடம் பெட்டியில் போட்டுப் பத்திரமாக வைத்திருப்பவர் அவர்தான்.

இனி நீங்கள் கேட்ட விஷயம். தேர்வுநிலைக்கு ஒரே பதவியில் 10 ஆண்டு, அதற்கு அடுத்த கட்டமான சிறப்புநிலைக்கு 20 ஆண்டு. அந்த ஆண்டுகளை எந்த நாளிலிருந்து எண்ணுவது என்பதை உங்கள் பணிவரன்முறை ஆணைதான் முடிவு செய்கிறது. முதலில் சேர்ந்த நாளிலிருந்தே முன்தேதியிட்டு வரன்முறை செய்திருந்தால் தற்காலிகக் காலமும் சேரும். 2014-ல் ஒரு தேதியைப் போட்டு, அன்றுமுதல் என்று இருந்தால் அந்தத் தேதியை மாற்றச் சொல்லித்தான் நீங்கள் முதலில் கேட்க வேண்டும். தேதி மாறாமல் தேர்வுநிலையை மட்டும் முன்னால் கொண்டுவரச் சொன்னால் கோப்பு திரும்பிவிடும். நியமன ஆணையைக் கேட்பதும் இதற்காகத்தான்: ஆண்டுதோறும் உயரும் காலமுறை ஊதியத்தில் சேர்ந்தீர்களா, மொத்தமாக ஒரு தொகை மட்டும் தரும் தொகுப்பூதியத்திலா, நடுவில் பணிமுறிவு ஏதும் உண்டா என்று பார்ப்பார்கள். தொகுப்பூதியம் என்றால் வாய்ப்பு மிகக் குறைவு.

நண்பரின் ஆணையை மட்டும் நம்பாதீர்கள். அவருக்கு விதிப்படி கொடுத்திருந்தால் அது உங்களுக்குப் பலம். தவறாகக் கொடுத்திருந்தால், அந்தத் தவறை எனக்கும் செய் என்று கேட்பதை நீதிமன்றம் ஒப்புக்கொள்ளாது. அதோடு தணிக்கையின் கண் அவர் பக்கம் திரும்பி, அவர் சம்பளத்தில் பிடித்தம் வரைக்கும் போகலாம். அவரிடம் சொல்லிவிட்டு அந்த நகலை இணையுங்கள். கூட வேலை பார்த்தவருக்கு அந்த மரியாதையைச் செய்தே ஆக வேண்டும்.

அப்புறம், தாமதம். ஊதிய நிர்ணயத் தவறு மாதாமாதம் தொடரும் தவறு என்பதால் பிந்திப் போனாலும் வழக்கைக் கேட்பார்கள். ஆனால் நிலுவைத் தொகையை வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று வருடத்துக்கு மட்டுமே பொதுவாகத் தருவார்கள். 2008-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது இது. மனுமேல் மனு போட்டுக்கொண்டிருந்தால் காலக்கெடு நிற்காது என்பதும் அதே ஆண்டில், தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கிலேயே தீர்ப்பாகிவிட்டது. 2019-லேயே உங்களுக்குத் தெரிந்த விஷயம் இது, இத்தனை நாள் சும்மா இருந்துவிட்டீர்கள். அலுவலகத் தலைவர் வழியாக ஒரே மனு கொடுங்கள், ஒப்புகை வாங்குங்கள். மறுத்தாலோ பதிலே வராவிட்டாலோ பணி வழக்கு பார்க்கும் வக்கீலிடம் போய்விடுங்கள்.

தகவல் மனுவும் போட்டு வையுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் வருகிற சனிக்கிழமையே ஊருக்குப் புறப்படுங்கள். மனைவி, பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு போங்கள். போனதும் பெட்டியைத் திறக்காதீர்கள். இரண்டு நாள் அம்மாவோடு இருங்கள், அண்ணன் கையால் பரிமாறினால் மறுக்காமல் சாப்பிடுங்கள். பாகப் பேச்சை அன்றைக்கு எடுக்க வேண்டாம். அதற்கு வேறு நாள், நடுவில் பேச ஒரு பெரியவர். நிலுவைப் பணம் வந்தால் அதில் அண்ணனுக்கு ஒரு பங்கு உண்டு, அதையும் இப்போதே மனைவியிடம் சொல்லிவிடுங்கள்.

மனுவின் கதி என்ன ஆனது என்று எனக்கு மறுபடி எழுதுங்கள். ஊருக்குப் போகாமல் எழுதினால் பதில் எதிர்பார்க்க வேண்டாம்.