செங்கோட்டை மலைப்பாதையும் பழைய நீராவி எஞ்சின்களும்: கேள்வி பதில்

திருச்சி பொன்மலை ரயில் பணிமனையில் பாய்லர் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். இப்போது சொந்த ஊரான புளியரையில் இருக்கிறேன். பழைய எஞ்சின்கள், எங்கள் செங்கோட்டை–கொல்லம் மலை ரயில் பாதை பற்றிக் கேட்க நினைப்பதைக் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். கேரள எல்லைக்கு இந்தப் பக்கமிருந்தும் அந்தப் பக்கமிருந்தும் நிறையக் கேள்விகள் வந்துவிட்டன. ஒரே மாதிரி இருந்தவற்றைச் சேர்த்துப் பதில் எழுதியிருக்கிறேன்.

தென்காசியிலிருந்து ஒரு கல்லூரி மாணவர்: அண்ணாச்சி, நீராவி எஞ்சினை மேடை கட்டி ஸ்டேஷன் வாசலில் நிறுத்தி, வருஷா வருஷம் பெயின்ட் அடித்துவந்தால் அது பத்திரமாக இருக்கும்தானே?

இருக்காது தம்பி. வெளியே பளபளப்பாக இருக்கும், உள்ளே தகடு தின்றுபோய்க்கொண்டிருக்கும். எஞ்சின் எங்கே சாகிறது என்று தெரிந்தால்தான் எங்கே கவனிக்க வேண்டும் என்பது புரியும்.

முதல் இடம் புகைப்பெட்டியின் அடிப்பாகம். எஞ்சின் முகத்தில் வட்டக் கதவு இருக்கிறதே, அதற்குள்ளே. கடைசியாக ஓடிய நாளின் சாம்பல் அங்கே தங்கியிருக்கும். நிலக்கரிச் சாம்பலில் கந்தகம் உண்டு. புகைபோக்கி வழியாக மழைத்தண்ணீர் இறங்கி அதில் கலந்தால் அமிலமாகிவிடும், சில வருஷத்தில் அடித்தகடு சல்லடையாகும். சாம்பலைச் சுத்தமாக வாரி எடுத்துவிட்டு, புகைபோக்கிக்கு ஒரு தகர மூடி போட்டாலே பாதி ஆபத்து குறையும். பெயின்ட் டப்பாவுக்கு ஆகும் செலவுகூட ஆகாது.

அடுத்தது பாய்லரின் மேல்சட்டை. நாம் வெளியே பார்க்கும் வழுவழுப்பான தகடு பாய்லர் இல்லை. அதற்குள் வெப்பம் காக்கும் பொதி, அதற்கும் உள்ளேதான் பாய்லர். சட்டையின் இணைப்பில் புகுந்த தண்ணீரைப் பொதி உறிஞ்சி வைத்துக்கொள்ளும். வெளியே சொட்டு ஈரம் தெரியாது. இங்கே ஓர் எச்சரிக்கை. பழைய எஞ்சின்களில் அந்தப் பொதி பெரும்பாலும் கல்நார். அதன் தூசி நுரையீரலைக் கெடுக்கும். ஆர்வத்தில் நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு அதைப் பிய்க்கவே கூடாது. முறையாகப் பயிற்சி பெற்றவர்கள்தான் எடுக்க வேண்டும். பழைய பெயின்டில் ஈயம் இருக்கும், அதனால் உலர்ந்த நிலையில் தேய்ப்பதும் வேண்டாம்.

மூன்றாவது, தண்ணீர் தங்கும் மூலைகள்: கரி எரியும் ஃபயர்பாக்ஸின் அடிவளையம், எஞ்சினுக்குப் பின்னால் கரியும் தண்ணீரும் சுமக்கும் டெண்டரின் கரித்தொட்டி, டிரைவர் நிற்கும் தளம். பாய்லரையும் டெண்டரையும் முழுக்க வடித்து, அடியிலுள்ள வடிகால்களைத் திறந்தே வைக்க வேண்டும். இணைப்புத் தண்டுகளுக்கு வெள்ளிப் பெயின்ட் அடிப்பதைப் பல ஊரில் பார்க்கிறேன், மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது. அவை எண்ணெய் பூசி மினுங்கிய எஃகு. துடைத்து கெட்டி கிரீஸ் பூசினால் போதும்.

எல்லாவற்றையும்விட மேலானது ஒரு கூரை. நம் பக்கம் ஆரியங்காவுக் கணவாய் வழியாக வரும் சாரல் ஜூனில் தொடங்கினால் மாதக்கணக்கில் விடாது. பெருமழை பெய்து வடிந்துவிடும், சாரல்தான் இடுக்கெல்லாம் நனைத்து ஊற வைக்கும். என்னிடம் பணம் கொடுத்து ஒரே வேலைதான் செய்யலாம் என்றால் நான் பெயின்டரைக் கூப்பிட மாட்டேன், கூரை போடுவேன்.

கொல்லத்திலிருந்து: கடற்கரை ஊரில் என்ன கூடுதலாகச் செய்ய வேண்டும்?

உப்புக்காற்றுதான் பிரச்சினை. மாதம் ஒருமுறை நல்ல தண்ணீரால் கழுவித் துடைத்து, காய்ந்த பிறகு எண்ணெய் பூசுங்கள். உப்பு படிந்த பரப்பின் மேலேயே பெயின்ட் அடித்தால் அடியில் கொப்புளம் விடும்.

ஆரியங்காவிலிருந்து ஒரு வியாபாரி: சார், ஊட்டியில் ஓடுகிற மாதிரி நம் மலைப்பாதையிலும் நீராவி ரயில் விட்டால் என்ன? சுற்றுலாவுக்கு எவ்வளவு நல்லது!

ஆசை எனக்கும் உண்டு. ஆனால் நிலைமையைச் சொல்லிவிடுகிறேன். இந்தப் பாதையில் ஓடிய எஞ்சின்கள் மீட்டர் கேஜ், அதாவது தண்டவாளங்களுக்கு நடுவே 1000 மில்லிமீட்டர். இப்போது இருப்பது 1676 மில்லிமீட்டர் அகலப்பாதை. சக்கரத்தை மட்டும் மாற்றி ஓட்டிவிட முடியாது, எஞ்சினின் அடிச்சட்டமே அந்த அகலத்துக்குக் கட்டப்பட்டது. ஊட்டி ரயில் மீட்டர் கேஜாகவே நின்றதற்குக் காரணம், கல்லாறுக்கும் குன்னூருக்கும் நடுவே பல்சக்கரம் பிடித்து ஏறும் பாதை அது. 2005ல் யுனெஸ்கோ பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது அதற்கு இன்னொரு காவல்.

அகலப்பாதைக்குரிய பழைய எஞ்சின் ஒன்றைக் கொண்டுவந்து சமதளத்தில் ஓட்டலாம். 1855ல் இங்கிலாந்தில் லீட்ஸ் நகரத்தில் கட்டிய இ.ஐ.ஆர். 21 எஞ்சினைப் பெரம்பூர் பணிமனையில் உயிர்ப்பித்தார்கள். 2019ல் அதை எர்ணாகுளத்துக்குக் கொண்டுவந்து கொச்சி ஹார்பர் டெர்மினஸ் வரை ஓட்டினார்கள். ஆனால் நம் பாதையிலுள்ள கழுதுருட்டி ஏற்றத்துக்கு அந்தச் சின்ன எஞ்சின் ஆகாது. இன்றைக்கும் அந்த ஏற்றத்தில் பின்னாலிருந்து தள்ள இன்னொரு எஞ்சின் வேண்டியிருக்கிறதே.

அப்புறம், ஓட்டுவது என்றால் பாய்லர். மீட்டர் கேஜில் ஓடிய ஒய்.பி. வகை எஞ்சினின் வேலை அழுத்தம் சதுர அங்குலத்துக்கு 210 பவுண்டு. அந்த அழுத்தத்தை நம்பி ஜனங்களை ஏற்ற வேண்டுமென்றால், முதலில் குழாய்களையெல்லாம் உருவித் தகட்டின் கனத்தை அளக்க வேண்டும். ஃபயர்பாக்ஸின் உள்சுவரையும் வெளிச்சுவரையும் பிடித்து நிற்கும் ஸ்டே போல்ட் நூற்றுக்கணக்கில் உண்டு. ஒவ்வொன்றின் முனையிலும் ஒரு மெல்லிய துளை போட்டிருப்பார்கள். உள்ளே போல்ட் முறிந்தால் அந்தத் துளை வழியாகத் தண்ணீர் கசிந்து காட்டிக்கொடுக்கும். அதைக் கேவலமான ஒழுகல் என்று நினைத்து வெல்டு வைத்து அடைத்தவர்களும் உண்டு. ஆளைக் கொல்லும் காரியம் அது.

கடைசியில் பாய்லரைத் தண்ணீரால் நிரப்பி, வேலை அழுத்தத்துக்கும் மேலே ஏற்றிச் சோதிப்போம். காற்றை வைத்துச் சோதிக்கக் கூடாது. தண்ணீர் அமுங்காது, அதனால் தகடு விட்டாலும் பீய்ச்சிவிட்டு அடங்கிவிடும். காற்று வெடிக்கும். தீ மூட்டியாகிவிட்டால் ஃபயர்பாக்ஸ் கூரைமேல் தண்ணீர் குறையவே கூடாது. குறைந்தால் கூரையில் இருக்கும் ஈயத்திருகு உருகி நீராவி உள்ளே பாய்ந்து எச்சரிக்கும். இதெல்லாம் கைப்பழக்கத்தில் வரும் தொழில். ஊட்டிக்கு வண்டி ஓடுவதால்தான் அது பொன்மலையில் இன்னும் இருக்கிறது. 2011 தொடங்கி அந்தப் பாதைக்குப் புத்தம் புது எக்ஸ் வகை நீராவி எஞ்சின்களையே அங்கே கட்டினார்கள். ஓடுகிற பாதை ஒன்று இருந்தால்தான் தொழில் தெரிந்த ஆளும் இருப்பான்.

எனக்குப் பட்ட வழி: செங்கோட்டையிலோ புனலூரிலோ அரைக் கிலோமீட்டருக்கு மீட்டர் கேஜ் தண்டவாளம் போட்டு, கூரையோடு ஒரு கொட்டகை கட்டி, ஒரே ஒரு எஞ்சினை அங்கே முன்னும் பின்னும் நகரும்படி வைத்துக்கொள்ளலாம். அது கைக்கு எட்டும் காரியம்.

புனலூரிலிருந்து ஒரு ஆசிரியை: ஐயா, பிள்ளைகளுக்குச் சொல்ல இந்தப் பாதையின் வரலாறு சுருக்கமாக வேண்டும்.

எழுதிக்கொள்ளுங்கள் அம்மா. தென்னிந்திய ரயில்வே, திருவிதாங்கூர் அரசு, சென்னை மாகாண அரசு மூன்றும் சேர்ந்து போட்ட பாதை. 1904ல் கொல்லம்–புனலூர், அதே வருஷக் கடைசியில் செங்கோட்டை வரை. திருவிதாங்கூருக்குள் வந்த முதல் ரயில் இதுதான். அப்போது கொல்லத்துக்கு வேறு தண்டவாளத் தொடர்பு கிடையாது. அதனால் எஞ்சினைப் பிரித்துத் தூத்துக்குடியிலிருந்து பத்தேமாரி என்ற பாய்மரக் கப்பலில் ஏற்றி, கரையிலிருந்து மாட்டுவண்டியில் இழுத்துவந்து பூட்டினார்கள் என்று கொல்லத்துப் பெரியவர்கள் சொல்வார்கள். திருவனந்தபுரத்துக்குப் பாதை நீண்டது 1918ல்தான். கோட்டயத்திலிருந்து கொல்லத்துக்கு ரயில் வந்தது 1958ல். அதுவரை திருவனந்தபுரத்துக்காரர் ரயிலில் வெளியூர் போக வேண்டுமென்றால் எங்கள் மலைப்பாதையின் குகை வழியாகத்தான் போக வேண்டும்.

செங்கோட்டையும் அப்போது திருவிதாங்கூர்தான். 1956 நவம்பர் 1 அன்றுதான் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. ஆகவே இது எந்த மாநிலத்தின் பாரம்பரியம் என்று பிள்ளைகள் கேட்டால், இரண்டு பேருக்கும் சொந்தம் என்று தயங்காமல் சொல்லுங்கள். மலைப்பகுதியில் மீட்டர் கேஜ் வண்டி 2010 செப்டம்பரோடு நின்றது. முழுப்பாதையும் அகலப்பாதையாகித் திறந்தது 2018ல்.

கழுதுருட்டியிலிருந்து: 13 கண் பாலத்தில் அரசமரச் செடி முளைத்திருந்தால் இளைஞர்கள் ஏறிப் பிடுங்கலாமா?

வேண்டாம். ரயில் ஓடும் பாலம், அனுமதியில்லாமல் ஏறுவதே குற்றம். அது போக, பிடுங்கினால் வேர் கல்லிடுக்கின் சாந்தையும் சேர்த்து இழுத்துவந்துவிடும். தண்டை வெட்டி, வெட்டிய இடத்தில் மருந்து வைத்து வேரை உள்ளேயே சாகவிட வேண்டும். பிறகு இடுக்கைச் சுண்ணாம்புச் சாந்தால் அடைக்க வேண்டும். சிமென்ட் வைத்தால் கல்லைவிடக் கெட்டியாக நின்று தண்ணீரை உள்ளே பூட்டிவிடும். பழைய கல்கட்டடம் எதற்கும் இதே விதிதான். நீங்கள் செய்யக்கூடியது: செடியைக் கண்டால் படமெடுத்து, எந்தக் கண் என்று எண்ணிக் குறித்து மதுரைக் கோட்ட அலுவலகத்துக்கு எழுதுங்கள். அகலப்பாதை வந்தபோதும் அந்தப் பாலத்தை இடிக்காமல் அதன்மேலேயே தண்டவாளம் போட்டார்களே, அதற்கு நான் இன்றும் நன்றி சொல்கிறேன்.

செங்கோட்டையிலிருந்து: மாமா, எங்கள் தாத்தா ஸ்டேஷன் மாஸ்டர். வீட்டில் ஒரு கைவிளக்கும் இரும்பு உருண்டை ஒன்றும் இருக்கிறது. வைத்துக்கொள்ளலாமா?

விளக்கை ஏலத்தில் எடுத்த ரசீதோ, ஓய்வுபெறும்போது கொடுத்த கடிதமோ இருந்தால் அதையும் விளக்கோடு சேர்த்துப் பத்திரப்படுத்து. அந்த உருண்டைதான் டோக்கன். ஒற்றைத் தண்டவாளப் பாதையில் அது கையில் இருந்தால்தான் டிரைவர் அடுத்த ஸ்டேஷனுக்கு வண்டியை எடுக்கலாம். அதைப் போய்ச் சேர்ந்த ஸ்டேஷன் பெட்டியில் போடும்வரை இரண்டு பக்கப் பெட்டியும் இன்னொரு உருண்டை தராது. எதிரெதிரே இரண்டு வண்டி வராமல் காத்தது அதுதான். உருண்டையில் ஸ்டேஷன் பெயர்கள் வெட்டியிருந்தால் பாலிஷ் போட்டுத் தேய்த்துவிடாதே, ஈரமில்லாத துணியால் துடைத்தால் போதும். ரயில்வே பொருளைக் கணக்கில்லாமல் வைத்திருப்பது 1966ஆம் வருஷச் சட்டப்படி குற்றம். ஆகவே ஆதாரம் இல்லையென்றால் திருச்சி ரயில் அருங்காட்சியகத்துக்கு ஒரு கடிதம் எழுதி ஒப்படைப்பதுதான் நல்லது. தாத்தா பெயரையும் அவர் வேலை பார்த்த ஸ்டேஷன்களையும் அந்தக் கடிதத்தில் எழுது.

மூணாறிலிருந்து, எஸ்டேட்டில் பிறந்து வளர்ந்த ஒருவர்: அண்ணே, எங்கள் ஊரிலும் ரயில் ஓடியது என்கிறார்களே, நிஜமா?

நிஜம்தான். குண்டளைப் பள்ளத்தாக்கு ரயில். 1902ல் முதலில் போட்டது ஒற்றைத் தண்டவாளம், மாடு இழுத்தது. 1908ல் இரண்டடி அகலச் சின்னப் பாதையாக மாற்றி நீராவி எஞ்சின் விட்டார்கள். தேயிலைப் பெட்டி மூணாறிலிருந்து டாப் ஸ்டேஷன் போகும். அங்கிருந்து கம்பிவடத்தில் தொங்கி மலைக்குக் கீழே குரங்கணிப் பக்கம் இறங்கி, போடி போய்ச் சேரும். 1924 பெருவெள்ளம் பாதையை அடித்துப் போனது, மறுபடி போடவில்லை. டாப் ஸ்டேஷன் என்று நீங்கள் இன்றும் சொல்கிறீர்களே, அது அந்த ரயில் விட்டுப்போன பெயர். மூணாறு ஸ்டேஷன் கட்டடம் இன்று தேயிலைக் கம்பெனி அலுவலகமாக நிற்கிறது. உங்கள் தாத்தா பாட்டி காலத்துப் படமோ கடிதமோ எந்த எஸ்டேட் லய வீட்டிலாவது இருந்தால் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். எஞ்சின் கிடைக்காத இடத்தில் அதுதான் மிச்சம்.

கொட்டாரக்கரையிலிருந்து: அகலப்பாதையாக மாற்றியதே தவறு என்கிறேன். நீங்கள்?

ஒத்துக்கொள்ள மாட்டேன். எட்டு வருஷம் வண்டியே இல்லாமல் ஆரியங்காவு, இடப்பாளையம், தென்மலை ஜனங்கள் பஸ்ஸை நம்பிக் கிடந்ததைப் பார்த்தவன் நான். பாதை ஓட வேண்டும். என் வருத்தம் வேறு. மாற்றும்போது கழற்றிய கைகாட்டி, கைகாட்டியை இயக்கும் நெம்புகோல் வரிசை, தண்ணீர்க் குழாய்த் தூண் இவற்றில் ஊருக்கு ஒன்றாவது நிறுத்தி வைத்திருக்கலாம். எடைக்குப் போட்டதில் எவ்வளவு வந்திருக்கும்?

தென்மலையிலிருந்து: எஞ்சினில் நம்பர் பலகை ஒன்று, இணைப்புத் தண்டில் வெட்டியிருக்கும் நம்பர் வேறு. போலியா?

போலி இல்லை. பணிமனையில் ஒரு எஞ்சினின் தண்டு தேய்ந்தால் இன்னொன்றின் தண்டை எடுத்துப் பூட்டுவோம். அந்த நம்பரை அழிக்காதீர்கள், எந்த எஞ்சின் எதனோடு வாழ்ந்தது என்பதற்கு அது ஒன்றுதான் சாட்சி.

மார்த்தாண்டத்திலிருந்து: எங்களிடம் பணமும் இல்லை, எஞ்சினும் இல்லை. நண்பர்கள் ஐந்து பேர் இருக்கிறோம். என்ன செய்யலாம்?

உங்களால் முடிந்ததுதான் இப்போது அவசரமானது. நீராவியில் வேலை பார்த்த ஃபயர்மேன், ஃபிட்டர், கேங்மேன் யார் யார் இருக்கிறார்கள் என்று தேடிப் போய் உட்காருங்கள். எல்லோருக்கும் வயதாகிவிட்டது. "பழைய அனுபவம் சொல்லுங்க" என்று பொதுவாகக் கேட்டால் ஒன்றும் வராது. கரியை எந்த மூலையில் முதலில் போடுவீர்கள், குகைக்குள் புகை அடைத்தால் என்ன செய்வீர்கள், பின்னாலிருந்து தள்ளும் பேங்கர் எஞ்சினுக்கு விசில் எத்தனை, மழையில் சக்கரம் வழுக்கினால் மணலை எப்போது திறப்பீர்கள் என்று கேளுங்கள். கை எப்படிப் போகிறது என்பதையும் சேர்த்து வீடியோ எடுங்கள். அவர் பெயர், பார்த்த வேலை, ஷெட், தேதி எல்லாம் எழுதி, ஒரு பிரதியை அவர் வீட்டில் கொடுத்துவிட்டு இன்னொன்றை உங்கள் ஊர் நூலகத்தில் வையுங்கள். புளியரைப் பக்கம் வந்தால் என்னிடமிருந்தே தொடங்கலாம், காலை பத்து மணிக்கு மேல் வீட்டில் இருப்பேன்.